பூச்சியம் ஏன் சேர்க்கிறோம்: ஒரு தசமப் பயிற்சிப் பெட்டியின் மதிப்புரை

பின்னத்தைத் தசமமாக மாற்றும் கணக்குகளை என் மகள் பிழையின்றிச் செய்துவந்தாள். ஆனால் 0.375 பெரியதா, 0.5 பெரியதா என்று கேட்டபோது, 375 என்பது 5ஐ விடப் பெரியதுதானே என்று தயக்கமே இல்லாமல் முன்னதைக் காட்டினாள். வகுத்தல் கைவந்திருந்தும் இடமதிப்பு மனத்தில் ஏறவில்லை என்பது அப்போதுதான் எனக்குப் புரிந்தது. அதற்காக வாங்கிய பயிற்சிப் பெட்டியை இரண்டு மாதங்கள் பயன்படுத்திய பின் இதை எழுதுகிறேன்.

10 செ.மீ. பக்கமுள்ள சதுர நெகிழித் தகடு 1 என்ற முழு எண்ணைக் குறிக்கிறது. அதே நீளமும் 1 செ.மீ. அகலமும் கொண்ட பட்டை பத்தில் ஒன்று, 1 செ.மீ. சதுர வில்லை நூறில் ஒன்று. அந்த வில்லையைப் பத்தாகச் சீவியது போன்ற மெல்லிய துண்டு ஆயிரத்தில் ஒன்று. இவற்றோடு இடமதிப்புப் பலகை, பத்துச் சிறு தட்டுகள், பின்னப் பட்டைகள், ஒரு கையேடு ஆகியவையும் உள்ளன. முதல் நாளிலேயே 0.375ஐயும் 0.5ஐயும் பக்கத்தில் பக்கத்தில் அடுக்கினோம். ஒருபுறம் ஐந்து பட்டைகள், மறுபுறம் மூன்று பட்டைகளும் சில்லறையும் கிடந்தன. நான் வாய் திறக்க வேண்டியிருக்கவில்லை.

பெட்டியின் உண்மையான பயன் வகுத்தலில்தான் தெரிந்தது. 3/8ஐத் தசமமாக்க, மூன்று தகடுகளை எட்டுத் தட்டுகளுக்குப் பங்கிட வேண்டும். தட்டுக்கு ஒரு முழுத் தகடு வைக்க வழியில்லாததால், மூன்றையும் கொடுத்துவிட்டு முப்பது பட்டைகளாக மாற்றிக்கொள்கிறோம். தட்டுக்கு மூன்று பட்டைகள் போக ஆறு மிஞ்சுகின்றன. அந்த ஆறு அறுபது வில்லைகளாகின்றன. தட்டுக்கு ஏழு போக நான்கு மீதி. அவை நாற்பது துண்டுகளாகி, தட்டுக்கு ஐந்தாக மீதியின்றி முடிகின்றன. ஒரு தட்டில் இருப்பதை எண்ணினால் 0.375. ‘புள்ளி வைத்து ஒரு சைபர் சேர்த்துக்கொள்’ என்று நாம் காலங்காலமாகச் சொல்லிக்கொடுக்கும் அந்தச் சைபர், பெரிய காசைக் கொடுத்துச் சில்லறை வாங்குவது போன்ற ஒரு மாற்று என்பதை அவள் கையாலேயே கண்டாள். வருத்தம் என்னவென்றால், கையேடு இதைப் பற்றி ஒரு வரிகூடச் சொல்லவில்லை. பழைய விதியையே அச்சிட்டு, துண்டுகளைப் படத்துக்கு அழகாக வைத்திருக்கிறது.

பின்னத்தின் பகுதியை, அதாவது கீழ் எண்ணை, 10, 100, 1000 ஆக்கும் வழியைக் கையேடு நன்றாகவே விளக்குகிறது. 7/20ஐ 35/100 ஆக்கி 0.35 என எழுதுவதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. 1/20க்கு வரும்போது பட்டை நிரல் காலியாகவே இருப்பதையும், அந்த வெற்றிடத்தை ஒரு பூச்சியம் காக்காவிட்டால் 0.05 என்பது 0.5 ஆகிவிடும் என்பதையும் பலகை மிகத் தெளிவாகக் காட்டுகிறது.

பெரிய குறை பின்னப் பட்டைகளில் இருக்கிறது. மூன்றில் ஒன்றுக்கான பட்டையின் மேல் 0.33 என்று அச்சிட்டிருக்கிறார்கள். மூன்று பட்டைகளைச் சேர்த்து வைத்து, “0.99 தானே வருகிறது, மீதி எங்கே?” என்று மகள் கேட்டாள். கேள்வி நியாயமானது; தவறு அச்சில். தகட்டை மூவருக்குப் பங்கிட்டுப் பார்த்தோம். ஒவ்வொரு முறையும் மூன்று மூன்றாகப் போய், ஒன்றே மிஞ்சியது. துண்டுகள் வரை இறங்கியும் அதே ஒன்று. இது முடியாது என்பதை அவளே சொல்லிவிட்டாள். 1/7க்குப் பெட்டி போதாது. தாளில் வகுத்தால் 3, 2, 6, 4, 5, 1 என்று மீதிகள் வந்து, மறுபடி 3 தோன்றுகிறது. ஏழால் வகுக்கும்போது பூச்சியம் அல்லாத மீதிகள் ஆறுதான் உண்டு என்பதால் 142857 என்ற இலக்கங்கள் சுழன்றே ஆகவேண்டும்.

சுருக்கிய பின்னத்தின் பகுதியில் 2, 5 தவிர வேறு பகாக் காரணி இல்லாவிட்டால் மட்டுமே தசமம் முடிவுறும். நம் பழைய கால், அரைக்கால், மாகாணி, மா ஆகிய நான்கும் (1/4, 1/8, 1/16, 1/20) இந்த நிபந்தனைக்கு அடங்குபவை என்பதைக் கவனித்தபோது எனக்கே ஒரு சின்ன மகிழ்ச்சி.

ஆயிரத்தில் ஒன்றுக்கான துண்டுகள் இருபதே உள்ளன. மேலே சொன்ன 3/8 கணக்குக்கே நாற்பது தேவை. தீக்குச்சியை விட மெல்லியவை என்பதால் முதல் வாரத்திலேயே நான்கு காணாமல் போயின. தனியாக விற்பதில்லை என்று தயாரிப்பாளரிடமிருந்து பதில் வந்தது. இப்போது கெட்டியான அட்டையில் வெட்டிய துண்டுகளால் சமாளிக்கிறோம்; 0.33 என்ற அச்சின் மேல் வெள்ளைத் தாள் ஒட்டி, 1/3 என்று மட்டும் எழுதியிருக்கிறோம்.