பசிபிக் டிரைவ்: பத்து மாதம் ஓட்டிய பிறகு

பசிபிக் டிரைவ் என்ற கணினி விளையாட்டில், கியரை பார்க்கில் போடாமல் இறங்கினால் கார் சரிவில் தானாக உருளும். முதல் வாரத்தில் எனக்கு அதுதான் நடந்தது. ஒரு பாழடைந்த வீட்டுக்குள் சாமான் பொறுக்கிவிட்டு வந்தால், கார் பள்ளத்தில் இறங்கி மரத்தில் முட்டி நிற்கிறது. பக்கத்தில் பார்த்துக்கொண்டிருந்த மாமா, "கல்லு வைக்காம எறங்குவாங்களாடா?" என்றார். ஹட்டன் பக்கம் இருபது வருடம் தேயிலைக் கொழுந்து லொறி ஓட்டியவர் அவர். பின் டயருக்கு ஒரு கல் கொடுக்காமல் அவர் வண்டியை நிறுத்தி நான் பார்த்ததே இல்லை.

சியாட்டிலில் இருக்கும் ஐயன்வுட் ஸ்டூடியோஸ் என்ற சின்னக் குழு செய்த விளையாட்டு இது. 2024 பெப்ரவரியில் வந்தது. கதை 1998இல், வாஷிங்டன் மாநிலத்தின் ஒலிம்பிக் தீபகற்பத்தில் நடக்கிறது. சுவர் கட்டி மூடிய காட்டுப் பகுதிக்குள் நாம் மாட்டிக்கொள்கிறோம். துப்பாக்கி கிடையாது. கையில் இருப்பது ஒரு பழைய ஸ்டேஷன் வேகன், அதாவது பின்னால் சாமான் ஏற்ற நீண்ட இடம் உள்ள கார், மட்டும். போய்ப் பொருள் சேர்க்க வேண்டும், புயல் நெருங்குவதற்குள் வெளியேறும் வாசலைத் திறந்து கராஜுக்குத் திரும்ப வேண்டும், காரைச் சரிபார்க்க வேண்டும், மறுபடி போக வேண்டும்.

ஹெட்லைட்டும் வைப்பரும் பெட்டரியைத் தின்னும். டயர் ஓட்டையாகும், கதவு கழன்று விழும். பெற்றோல் தீர்ந்தால், கைவிடப்பட்ட கார்களில் இருந்து கேனில் உறிஞ்சி எடுக்கலாம். 2022இல் இலங்கையில் எரிபொருள் தட்டுப்பாட்டின்போது கியூவில் கிடந்துவிட்டு, கியூஆர் கோட்டைக் காட்டிப் பெற்றோல் அடித்தவர்களுக்கு அந்தக் கேனில் எண்ணெய் ஏறும் சத்தம் வேறு மாதிரிக் கேட்கும். எனக்குக் கேட்டது.

நான் மிகவும் நேசிப்பது காரின் விசித்திர குணங்களை. ஓட்ட ஓட்ட வண்டிக்குப் புதுப் பழக்கம் ஒட்டிக்கொள்கிறது. ஒருமுறை ஹோன் தானாக அடித்தது, ஏன் என்று தெரியவில்லை. கராஜில் ஒரு கருவி இருக்கிறது. எதைச் செய்தால் எது நடக்கிறது என்று நாம் ஊகித்து அதில் சொல்ல வேண்டும். சரியாகச் சொன்னால்தான் அதைத் தீர்க்க வழி கிடைக்கும். கதவைத் திறந்தேன், மூடினேன், ஸ்டியரிங்கைத் திருப்பினேன். மூன்று நாள் ஓடியது. மாமாதான் சொன்னார்: "வைப்பரப் போட்டுப் பாரு மருமகனே, மழையிலதான அடிச்சிச்சு." சரியாக அதுதான். பழைய வண்டியோடு காலம் தள்ளியவர்கள் இப்படித்தான் கோளாறு கண்டுபிடிப்பார்கள், காதால் கேட்டு, ஞாபகத்தில் தேடி. இதைச் செய்தவர்கள் அந்தப் பொறுமையை அப்படியே விளையாட்டாக்கியிருக்கிறார்கள்.

குறை இல்லாமல் இல்லை. நடுப்பகுதியில் ஒரே காடு, ஒரே சேகரிப்பு, கொஞ்சம் அலுப்புத் தட்டும். கதையில் வருகிறவர்கள் ரேடியோவில் பேசிக்கொண்டே இருக்கிறார்கள். எழுத்தும் பேச்சும் தமிழில் இல்லை. பெரிய சிக்கல் கரண்ட்தான். விளையாட்டில் எட்டிய இடத்தை நாமாகச் சேமிக்க கராஜுக்குத்தான் வர வேண்டும், வழியில் ஒரு பகுதியிலிருந்து அடுத்ததற்குள் நுழையும்போது மட்டும் தானாகச் சேமிக்கும். காற்றுக் காலத்தில் மரம் விழுந்து கரண்ட் போனால் அரைமணி நேர உழைப்பு போச்சு. இரண்டாவது மாதத்தில், கரண்ட் போனாலும் கொஞ்ச நேரம் கணினியை ஓட்டும் யூபிஎஸ் வாங்கினேன். கணினியும் கொஞ்சம் பலமாக இருக்க வேண்டும்: 16 ஜிபி ரேம் கேட்கிறது, என்னிடம் இருந்தது 8. முதல் செலவு அங்கேதான்.

அப்புறம், வாங்கிய கதை. முதலில் டவுனில் ஒரு கடையில் காசு கொடுத்து ஹார்ட் டிஸ்க்கில் திருட்டுக் கொப்பி வாங்கினேன். ஆறாவது நாள் கேம் திறக்க மறுத்தது, சேமித்ததெல்லாம் போனது, கூடவே வைரஸ். விண்டோஸை அழித்துப் போட வேண்டியதாயிற்று. அந்தக் காசு இதைச் செய்தவர்களுக்கு ஒரு சதமும் போகவில்லை என்பதுதான் பிறகு அதிகம் உறுத்தியது.

பிறகு, கணினி விளையாட்டுகளை விற்கும் ஒன்லைன் கடையான ஸ்டீமில் விருப்பப் பட்டியலில் போட்டு வைத்தேன். விலை குறைந்ததும் மின்னஞ்சல் வரும். அமெரிக்காவில் முழு விலை 29.99 டொலர், நமக்கும் டொலரில்தான் காட்டும், அதனால் தள்ளுபடிக்குக் காத்திருப்பது நல்லது. சாதாரண டெபிட் கார்ட் போதும், வெளிநாட்டு ஒன்லைன் கொடுப்பனவுக்கு அது திறந்திருக்கிறதா என்று மட்டும் வங்கியில் கேட்டுக்கொள்ளுங்கள். உங்கள் கணினி தாங்குமா என்று பயமாக இருந்தால், வாங்கி 14 நாளுக்குள், இரண்டு மணி நேரத்துக்குக் குறைவாக விளையாடியிருந்தால், பணத்தைத் திருப்பிக் கேட்கலாம். விளையாட்டைத் திறக்கும் குறியீடான கீயை மலிவாக விற்கும் வேறு தளங்கள் பக்கம் போகாதீர்கள், அந்தக் கீ எங்கிருந்து வந்தது என்று யாரும் சொல்ல மாட்டார்கள்.

பதிவிறக்கத்தை இரவு நேர டேட்டாவில் போட்டுவிட்டுப் படுத்தேன். விடியும்போது முடிந்திருந்தது. அதன் பிறகு வந்த இலவச அப்டேட்களும் தானாக ஏறின. இப்போது இரவில் பனி இறங்கியதும் மாமா கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறார். நேற்று அவரே ஒருமுறை கேட்டு வாங்கி ஓட்டினார். இறங்கும் முன் பார்க்கில் போட்டார்.