டாக்ரோலிமஸா, சைக்ளோஸ்போரினா?

இந்தியாவில் சிறுநீரக மாற்று அறுவை சிகிச்சை முதன்முதலில் வெற்றிகரமாக நடந்தது வேலூர் சி.எம்.சி.யில், 1971இல். புது சிறுநீரகத்தை உடல் நிராகரிக்காமல் தடுக்க, அசதியோபிரின் என்ற மருந்தையும் ஸ்டீராய்டையும் நம்பியிருந்த காலம் அது. அதே வேலைக்கு அதற்குப் பிறகு வந்தவைதான் டாக்ரோலிமஸ், சைக்ளோஸ்போரின் என்ற இந்த இரண்டு மருந்துகளும். 1983இல் அமெரிக்காவில் அனுமதி பெற்ற சைக்ளோஸ்போரின், நார்வே மண்ணில் கிடைத்த பூஞ்சையிலிருந்து வந்தது. டாக்ரோலிமஸ், ஜப்பானின் சுகுபா பகுதி மண்ணில் 1984இல் கண்டெடுத்த பாக்டீரியாவிலிருந்து.

வேலை ஒன்றுதான். புது சிறுநீரகத்தை அந்நியப் பொருளாக எண்ணி, நோய் எதிர்ப்புச் செல்களான டி-செல்கள் தாக்க வரும். கால்சிநியூரின் என்ற நொதியை முடக்கி, அந்தச் செல்கள் கிளம்பாமல் இரண்டும் தடுக்கின்றன. தோல் நோய்களுக்கும் பயன்படுகின்றன: சோரியாசிஸுக்கு சைக்ளோஸ்போரின், எக்ஸிமாவுக்கு டாக்ரோலிமஸ் களிம்பு.

உறுப்பு நிராகரிப்பைத் தடுப்பதில் டாக்ரோலிமஸ் ஒரு படி மேல். 2007இல் வெளியான சிம்பனி ஆய்வில், குறைந்த அளவு டாக்ரோலிமஸ் எடுத்தவர்களுக்குச் சிறுநீரகம் நன்றாகவே இயங்கியது. ஆனால் சர்க்கரை நோயை வரவழைப்பதிலும் இதுதான் முந்தும். கை நடுக்கம், முடி உதிர்தலும் உண்டு. சைக்ளோஸ்போரினில் ஈறு வீங்கும், கொழுப்பு ஏறும், முகத்தில் முடி வளரும். இதைச் சின்ன விஷயம் என்று தள்ளிவிடாதீர்கள். கல்யாண வயதுப் பெண் வெட்கப்பட்டு மாத்திரையை நிறுத்தினால் போவது சிறுநீரகம். அவளுக்கு டாக்ரோலிமஸே சரி. குடும்பத்தில் சர்க்கரை இருப்பவர் மட்டும் சைக்ளோஸ்போரின் பற்றி டாக்டரிடம் கேட்கலாம். ரத்த அழுத்தத்தைக் கூட்டுவதும், அளவு மீறினால் சிறுநீரகத்தையே கெடுப்பதும் இரண்டுக்கும் பொது.

நம் ஊரில் காசநோய் அதிகம் என்பதால் இதையும் சொல்லியே ஆக வேண்டும். காசநோய் மருந்தான ரிஃபாம்பிசின் தொடங்கினால் இரண்டு மருந்தின் அளவும் ரத்தத்தில் சரசரவென்று இறங்கிவிடும். பம்ப்ளிமாஸ் பழமும் பூஞ்சைத் தொற்றுக்கான சில மாத்திரைகளும் நேர் எதிராக ஏற்றிவிடும். வயிற்றுப்போக்கின்போது டாக்ரோலிமஸ் அளவு கூடலாம், உடனே டாக்டரிடம் சொல்லுங்கள். பிராண்டையும் நீங்களாக மாற்றாதீர்கள்.

அப்புறம், லெவல் டெஸ்ட்: அடுத்த மாத்திரைக்கு முன் ரத்தத்தில் மருந்து எவ்வளவு இருக்கிறது என்று பார்க்கும் பரிசோதனை. ஆம்பூரிலிருந்தோ குடியாத்தத்திலிருந்தோ முதல் பஸ்ஸில் வருபவர்கள் பழக்கத்தில் வீட்டிலேயே காலை மாத்திரையைப் போட்டுவிட்டால் கணக்கு தப்பாகிவிடும். கையோடு கொண்டு வந்து, ரத்தம் கொடுத்த பிறகு போட்டுக்கொள்ளுங்கள்.