கஞ்சா விதைப் பருப்பும் எண்ணெயும்: மயிலாப்பூர் அங்காடியில் வாங்கியவை

மயிலாப்பூரில் உள்ள ஓர் இயற்கை அங்காடியில் தோல் நீக்கிய கஞ்சா விதைப் பருப்பையும் அதன் எண்ணெயையும் வாங்கிப் பயன்படுத்திப் பார்த்தேன். பருப்பு உண்மையிலேயே தரமானது. எள்ளைவிடச் சற்றுப் பருத்து, மெல்லும்போது முந்திரியின் சாயல் தெரிகிறது. உளுந்து, காய்ந்த மிளகாய், பெருங்காயம் ஆகியவற்றை வறுத்து ஆறவிட்டு, இந்தப் பருப்பை இளஞ்சூட்டில் புரட்டிக் கடைசியாகச் சேர்த்துப் பொடித்தால் இட்லிக்கு அருமையாக அமைகிறது. எண்ணெய்ப்பசை மிகுதி என்பதால் மிக்சியை விட்டு விட்டு ஓட்ட வேண்டும், இல்லையேல் விழுதாகிவிடும். 100 கிராமில் ஏறத்தாழ 30 கிராம் புரதம் இருப்பது சைவ உணவினருக்கு நல்ல செய்தி. பச்சை நிற எண்ணெயோ தாளிப்புக்கு உதவாது, விலையும் அதிகம்.

என் குறையெல்லாம் விற்கும் முறையைப் பற்றியது. பொட்டலத்தைக் கல்லாவுக்குப் பின்னால் வைத்து, கேட்பவர்களுக்கு மட்டும் எடுத்துத் தருகிறார்கள். வீட்டில் அதைப் பார்த்த அம்மா, "இதை வச்சிருந்தா போலீஸ் கேஸ் ஆயிடாதா?" என்றுதான் முதலில் கேட்டார். அந்த அச்சம் நியாயமானது. 2021 நவம்பரில் இந்திய உணவுப் பாதுகாப்பு மற்றும் தர நிர்ணய ஆணையம் இவ்விதையையும் எண்ணெயையும் மாவையும் உணவாக ஏற்றது. அடுத்த மாதமே தமிழ்நாடு காவல்துறை 'கஞ்சா வேட்டை'யைத் தொடங்கியது. ஒரு கிலோவுக்கு உட்பட்ட கஞ்சாவுக்கே ஓராண்டு வரை சிறை விதிக்கலாம் என்னும்போது, பிள்ளைகள் வழக்கில் சிக்கி நீதிமன்றத்துக்கு அலையும் குடும்பங்கள் இருக்கும் இந்நகரத்தில், எதற்கு அனுமதி, எதற்குத் தண்டனை என்பதை விற்பவர் தெளிவாகச் சொல்லியாக வேண்டும்.

சொல்வதற்கு அதிகமும் இல்லை. 1985ஆம் ஆண்டின் போதைப்பொருள் தடுப்புச் சட்டம், செடியின் பூக்கும், காய்க்கும் நுனிகளையே கஞ்சா என்கிறது. நுனியோடு சேராத விதையை விலக்கியிருக்கிறது. உணவாக விற்கும் விதையில் போதை தரும் டி.எச்.சி. கிலோவுக்கு 5 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது. விதையை அரைத்துத் துவையலாக உண்பதைப் பழைய வழக்கமாகக் கொண்ட உத்தராகண்ட் மலைமக்களுக்கு, 2018இல் அம்மாநிலம் உரிமத்துடன் போதை குறைந்த வகையைப் பயிரிட வழி திறந்தது. இவற்றில் ஒரு வரிகூட உறையில் தமிழில் இல்லை. உரிம எண் மட்டும் எறும்பளவு எழுத்தில் இருக்கிறது.

தமிழில் ஒரு விளக்கச் சீட்டையும், அந்தந்தத் தயாரிப்புத் தொகுதிக்கான (batch) ஆய்வக அறிக்கையையும் கடையினரிடம் கேட்டிருக்கிறேன். அறிக்கை கைக்கு வந்தால் பருப்பைத் தொடர்ந்து வாங்குவேன். எண்ணெய் இனி வேண்டாம்.