ஆறு வருடங்களாக ஓர் ஓவியக் குழுவில்: என் அனுபவம்

2019இல் டிஸ்கார்ட் என்ற அரட்டைச் செயலியில் ஒரு சின்ன ஓவியக் குழுவில் சேர்ந்தேன். இருப்பது மலேசியாவின் பினாங்கில்: வீடு பட்டர்வொர்த்தில், வேலை கடலுக்கு அந்தப் பக்கம் ஜார்ஜ் டவுனில். ஃபெரியில் போகும்போது போனில் வரைவேன். வரைந்ததெல்லாம் ஒரே பெண்: மூக்குத்தி, கை நிறையக் கண்ணாடி வளையல், என்னுடைய தாடை. அவள் யாரென்று வீட்டில் சொல்லும் தைரியம் அப்போது இல்லை. குழுவில் ஆளாளுக்குச் சொந்தமாக ஒரு கதாபாத்திரம் வைத்து வரைவார்கள். அவளும் அப்படி ஒருத்தி என்று விட்டுவிட்டார்கள். அந்த அவகாசம் எனக்கு ரொம்பத் தேவைப்பட்டது.

முதல் மாதமே ஒருவர் என் படத்தின் மேல் சிவப்புக் கோடு போட்டு அனுப்பினார். ரெட்லைன் என்பார்கள், நாம் கேட்டால், எங்கே பிசகு என்று வரைந்தே காட்டுவது. கழுத்தும் தோளும் சேரும் இடத்தைத் திருத்தியிருந்தார். தாடையைத் தொடவில்லை. "அது அவளுடைய தாடை, இருக்கட்டும்" என்று கீழே ஒரு வரி.

அப்புறம் மொழி. மலாயில் ஆணோ பெண்ணோ எல்லாருக்கும் 'டியா'தான். தமிழில் வினைச்சொல் முடியும்போதே காட்டிக்கொடுத்துவிடும். கிள்ளானில் இருக்கும் ஓர் அக்கா, குழுவில் என்னைத் தவிர ஒரே தமிழர், ஒருநாள் என் படத்தைப் பகிர்ந்து, "என் தங்கச்சி வரைஞ்சிருக்கா" என்று எழுதினார். கடைசியில் 'ன்' இல்லை. ஃபெரி கரை சேர்ந்து எல்லாரும் இறங்கிய பிறகும் அதையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

நான் குழுவில் சேர்வதற்கு முந்தைய வருடம்தான், 2018 ஆகஸ்டில், ஜார்ஜ் டவுன் விழாக் கண்காட்சியிலிருந்து திருநங்கைச் செயற்பாட்டாளர் நிஷா அயூப்பின் புகைப்படம் அகற்றப்பட்டிருந்தது. 2016இல் அனைத்துலகத் துணிச்சல்மிகு பெண்கள் விருது வாங்கியவருக்கே சுவரில் இடமில்லை என்றால், என் படத்தை எங்கே மாட்டுவது?

குறைகளும் உண்டு. அதே படங்களை எல்லாரும் பார்க்கும் ஒரு பெரிய தளத்தில் போட்டேன். ஆபாசச் செய்திகள் குவிந்தன, புகார் செய்தும் பதிலே இல்லை. காசுக்கு வரைந்து கொடுக்கும்போது இன்னொரு சிக்கல். பணம் அனுப்புகிறவருக்கு வங்கிக் கணக்கில் இருக்கும் ஐசி (அடையாள அட்டை) பெயர் தெரிந்துவிடும். முதல் 80 ரிங்கிட் வந்த அன்று சந்தோஷமே இல்லை. இப்போது கிள்ளான் அக்கா தன் கணக்கில் வாங்கிக் கொடுக்கிறார். எல்லாருக்கும் அப்படி ஓர் அக்கா கிடைக்கமாட்டார்.

சேர நினைப்பவர்கள் சின்னக் குழுவாகப் பாருங்கள். ஒரு வாரம் படம் எதுவும் போடாமல் சும்மா படியுங்கள். யாராவது கேவலமாகப் பேசினால் எவ்வளவு நேரத்தில் அவரை வெளியேற்றுகிறார்கள் என்று பாருங்கள். எங்கள் குழுவில் பத்து நிமிடம்கூட ஆகாது.