ஹம்பி: வழிகாட்டியோடு ஒரு நாளா, சைக்கிளில் தனியாகவா?

கர்நாடகத்தில் உள்ள பழைய விஜயநகரத் தலைநகரான ஹம்பியைப் பார்க்க ஒரே நாள்தான் இருக்கிறது என்றால் வழிகாட்டியோடு போங்கள். விருபாட்சர் கோயில் கருவறைக்குப் பின்னால் ஒரு இருட்டறை உண்டு. சின்னத் துளை வழியாக வரும் வெளிச்சத்தில், ராஜகோபுரம் எதிர்ச்சுவரில் தலைகீழாக விழும். தனியாகப் போகிறவர்கள் பலர் இதைப் பார்க்காமலே திரும்பிவிடுகிறார்கள். ஹஜாரராமர் கோயிலும் அப்படித்தான். சுவர் நெடுக ராமாயணம் ஓடுகிறது, ஆனால் எங்கே தொடங்குவது என்று ஒருவர் கைகாட்டினால்தான் கதை பிடிபடும்.

சைக்கிளில் போனால் கிடைப்பது நேரம். விட்டலர் கோயில் கல் தேரின் முன்னால் குழு நின்று படமெடுத்துவிட்டு நகர்ந்துவிடும். நீங்களோ சக்கரத்தில் செதுக்கிய பூவிதழ்களை ஒவ்வொன்றாகப் பார்க்கலாம். அப்புறம், 1565 தலைக்கோட்டைப் போரில் விஜயநகரம் தோற்ற பின் பாழான கடைத்தெருவின் கல்தூண்களுக்கு நடுவே பேச்சுச் சத்தமே இல்லாமல் நடக்கலாம். எனக்கு அந்த நடைதான் மனதில் நிற்கிறது. வெயில் மட்டும் கடுமை.

செலவு, சரி, தனியாகப் போனால் குறைவுதான்.

இரண்டு நாள் கிடைத்தால் முதல் நாள் வழிகாட்டி, மறுநாள் சைக்கிள். அந்த மறுநாளை மாதங்க மலையில் விடிகாலையில் தொடங்குங்கள்; கீழே அச்சுதராயர் கோயில் முழுசாகத் தெரியும்.