டீகாக்கரை சேஃப்டியாக மாற்றித் தருகிறேன் என்று 38,500 ரூபாய் வாங்கிய துப்பாக்கிக் கடை: உரிமம் வைத்திருப்பவர்களுக்கு ஓர் எச்சரிக்கை

நேற்று முன்தினம் மாலை என் கைத்துப்பாக்கி பழுதுபார்க்கும் கடையிலிருந்து திரும்பி வந்தது. இன்று காலை, அதை இனி ஒரு நாள்கூட வீட்டில் வைத்திருக்க மனமில்லாமல், காவல் நிலையத்தில் பாதுகாப்புக்காக ஒப்படைத்து ரசீது பெற்றுக்கொண்டு வந்து இதை எழுதுகிறேன். டீகாக்கர் என்பது, சுடுவதற்கு ஏற்றி நிறுத்திய ஹாமரை (சுத்தியலை) குண்டு வெடிக்காமல் இறக்கிவிடும் லிவர்; சேஃப்டி என்பது துப்பாக்கியைச் சுடவிடாமல் தடுக்கும் பூட்டு. போனது 38,500 ரூபாய். பணத்தைவிட, ஒழுங்காக இருந்த ஒரு கருவியை ஆபத்தான கருவியாக மாற்றி, அதற்குக் கூலியும் வாங்கிக்கொண்டார்களே என்பதுதான் எனக்கு ஆறவில்லை.

நான் வடார்க்காட்டுப் பட்டாளத்துக் குடும்பத்தைச் சேர்ந்தவன். எங்கள் கணியம்பாடிப் பக்கம் ராணுவத்துக்குப் போவது தலைமுறை வழக்கம். சிக்னல்ஸ் பிரிவில் 28 ஆண்டுகள் இருந்து சுபேதாராக ஓய்வு பெற்றேன். இப்போது நெல் மண்டி வைத்திருக்கிறேன். அறுவடைக் காலத்தில் இரவு நேரத்தில் ரொக்கத்தோடு வீடு திரும்ப வேண்டியிருப்பதால், மாவட்ட ஆட்சியர் வழங்கிய உரிமத்தின்பேரில் ஒரு .32 அளவுக் கைத்துப்பாக்கி வைத்திருக்கிறேன். மேற்கு ஜெர்மனியில் செய்யப்பட்ட சிக் சாவர் பி230. முறைப்படி அனுமதி பெற்று இன்னொரு உரிமதாரரிடமிருந்து வாங்கியது. வெளிநாட்டுக் கைத்துப்பாக்கிகளைப் பொதுமக்கள் இறக்குமதி செய்வது 1980களிலேயே நிறுத்தப்பட்டுவிட்டதால், இது கெட்டுப்போனால் இன்னொன்றை எளிதில் தேடிப் பிடிக்க முடியாது.

இதை ஏன் மாற்ற நினைத்தேன் என்று கேட்பீர்கள். பட்டாளத்தில் எங்கள் கையில் இருந்தது இஷாப்பூர் தொழிற்சாலையில் செய்த 9 மி.மீ. பிஸ்டல். அதன் இடப்பக்கத்தில் சேஃப்டி உண்டு. மேலே தள்ளினால் பூட்டு, கட்டைவிரலால் கீழே அழுத்தினால் சுடத் தயார். பி230-ல் கையால் போடும் சேஃப்டியே கிடையாது. அதே இடப்பக்கத்தில், கட்டைவிரலுக்கு எட்டும் இடத்தில் இருப்பது டீகாக்கர். அதைக் கீழே அழுத்தினால் ஏற்றிய ஹாமர் பத்திரமாக இறங்கிவிடும். ஆக, 28 வருடம் என் கட்டைவிரல் எந்த அசைவைச் ‘சுடத் தயார்’ என்று கற்றுக்கொண்டதோ, அதே அசைவு இந்தத் துப்பாக்கியில் ஹாமரை இறக்கிவிடுகிறது. பயிற்சிக்குச் சென்றபோது இரண்டு முறை இப்படி நடந்தது. விரல் தன் பழக்கத்துக்கு அழுத்திவிட்டது, முதல் குண்டுக்கு டிரிகரை நீளமாகவும் கனமாகவும் இழுக்க வேண்டியதாயிற்று, குறி தவறியது. வீட்டிலும், “ஏங்க, பூட்டே இல்லாத துப்பாக்கியைப் பேரப்பிள்ளைங்க நடமாடுற வீட்டுல வெச்சிருக்கீங்களே” என்று பேச்சு. அந்தக் கவலையில்தான் கடையைத் தேடிப் போனேன்.

கடையின் பெயரையும் ஊரையும் எழுதவில்லை. உரிமம் பெற்ற துப்பாக்கி விற்பனை மற்றும் பழுதுபார்ப்புக் கடை என்பது மட்டும் போதும். சுவரில் உரிமம் சட்டம் போட்டு மாட்டியிருந்தது. என் உரிமப் புத்தகத்தை வாங்கிப் பார்த்தார்கள், துப்பாக்கியின் எண்ணைப் பதிவேட்டில் எழுதினார்கள். உட்காரச் சொல்லிக் காபி வரவழைத்தார் உரிமையாளர். “பட்டாளமா சார்? எங்க அப்பாவும் பட்டாளம்தான்” என்றார். அந்த ஒரு வார்த்தையில் நான் இளகிவிட்டேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன். மேசை இழுப்பறையைத் திறந்து நாலைந்து லிவர்களைப் பரப்பிக் காட்டினார். “ஒரு லிவர், ஒரு ஸ்பிரிங், ஒரு தகடு. கழட்டி மாட்டுற வேலை. ஜெர்மன்காரன் அப்படித்தான் செஞ்சு வெச்சிருக்கான்” என்று சொல்லிவிட்டு, தன் கைப்பேசியில் ஒரு வீடியோ படத்தையும் காட்டினார். அதில் டீகாக்கர் துப்பாக்கி ஒன்று சில நிமிடங்களில் சேஃப்டி துப்பாக்கியாக மாறியது. அது என் துப்பாக்கியா என்று நான் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும்.

முன்பணம் 20,000 கொடுத்தேன். மீதி 18,500 வேலை முடிந்தபின். மொத்தம் 38,500. ரசீதில் ‘சர்வீஸ்’ என்ற ஒரே சொல்லை எழுதினார். “மாத்துறதைப் பத்தி எழுதலையே” என்றதற்கு, “அதெல்லாம் சர்வீஸ்ல அடங்கும் சார், எங்க ரெஜிஸ்டர்ல அப்படித்தான் எழுதுவோம்” என்றார். பதிவேடு என்ற சொல்லைக் கேட்டதும் வாயை மூடிக்கொள்வது பட்டாளத்துப் பழக்கம். நானும் மூடிக்கொண்டேன்.

மூன்று வாரம் என்றார்கள்; மூன்றரை மாதம் ஆயிற்று. முதலில் உதிரிபாகம் வரவில்லை என்றார்கள். துப்பாக்கியின் பாகமும் ஆயுதச் சட்டத்தின்படி ஆயுதமே; அதைச் சாதாரணப் பொருள்போல வரவழைக்க முடியாது என்பது இந்தத் தொழிலில் இருப்பவருக்குத் தெரியாமல் இருக்காது. அடுத்து மெக்கானிக்கின் வீட்டில் துக்கம். பின்பு, தேர்தல் நேரம் என்பதால் ஆயுதத்தை வெளியே தர முடியாது என்றார்கள். தேர்தல் அறிவிக்கப்பட்டதும் உரிமத் துப்பாக்கிகளை ஒப்படைக்கச் சொல்வது உண்மைதான், ஆனால் அந்த மாதத்தில் எந்தத் தேர்தலும் அறிவிக்கப்படவேயில்லை. ஒவ்வொரு முறை போன் செய்தபோதும் எடுத்தது ஒரு பையன்; “அண்ணன் சாப்பிடப் போயிருக்கார்” என்பதைக் காலை பத்து மணிக்கும் சொன்னான், மாலை ஐந்து மணிக்கும் சொன்னான்.

கடைசியில் என் மகனைக் கூட்டிக்கொண்டு காரில் நேரிலேயே போனேன். கடை சாத்தும் நேரம். உரிமையாளர் துப்பாக்கியை எடுத்து, லிவரை மேலே தள்ளிக் காட்டி, “பாருங்க சார், நிக்குது” என்றார். நின்றது. மீதி 18,500 ரூபாயை எண்ணிக் கொடுத்தேன். அங்கேயே, அவர் கண்முன்னே, காலித் துப்பாக்கியில் டிரிகரை இழுத்துப் பார்க்காமல் வந்தேனே என்பதை நினைத்து இரண்டு இரவாகத் தூக்கமில்லை.

வீட்டுக்கு வந்து மேகசினைக் கழற்றி, சேம்பர் (சுடவிருக்கும் குண்டு நிற்கும் அறை) காலியாக இருப்பதை இரண்டு முறை பார்த்து, ஹாமரை ஏற்றி, லிவரை மேலே தள்ளி டிரிகரை அழுத்தினேன். ஹாமர் விழுந்தது. சேஃப்டி என்று 38,500 ரூபாய் கொடுத்து வாங்கியது எதையும் பூட்டவில்லை. லிவர் வெறுமனே மேலே போய் நிற்கிறது, அவ்வளவுதான். அடுத்து லிவரைக் கீழே அழுத்தினேன். முன்பெல்லாம் ஹாமர் பாதியில் தாங்கி நின்று இறங்கும். இப்போது முழு வேகத்தோடு சடாரென்று அடித்தது. இல்லாத சேஃப்டிக்காக, இருந்த டீகாக்கரையும் இழந்துவிட்டேன். சேம்பரில் குண்டு இருந்த நிலையில், பழைய நம்பிக்கையோடு அந்த லிவரை அழுத்தியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று எண்ணிப் பார்க்கவே முடியவில்லை.

குடியாத்தத்தில் இருக்கும், ராணுவத்தில் ஆயுதங்களைப் பழுதுபார்க்கும் ஆர்மரராக இருந்து ஓய்வு பெற்ற ஒரு நண்பரை வரவழைத்தேன். பழுதுபார்க்கும் உரிமம் தன்னிடம் இல்லை என்பதால் எதையும் சரிசெய்யத் தொடமாட்டேன் என்று முதலிலேயே சொல்லிவிட்டார்; நான் துப்பாக்கியின் மேல்பகுதியான ஸ்லைடைக் கழற்றிக் காட்ட, விளக்கைப் பிடித்துப் பார்த்தார். லிவரின் ஓரத்தில் அரம் போட்ட தடம் பளபளத்தது. “சாப், இதுல சேஃப்டிக்கு எடமே கெடையாது. இல்லாத எடத்துல அரத்தைப் போட்டு ராவியிருக்கானுங்க” என்றார்.

அவர் விளக்கியதை எனக்குப் புரிந்த அளவில் எழுதுகிறேன், ஏனென்றால் இது தெரிந்திருந்தால் நான் ஏமாந்திருக்க மாட்டேன். சேஃப்டி செய்வதும் டீகாக்கர் செய்வதும் வேறு வேறு வேலை. சேஃப்டி, ஹாமரைப் பிடித்து வைத்திருக்கும் கொக்கி நகராதபடி தடுக்க வேண்டும். டீகாக்கர் அதற்கு நேரெதிர்: அந்தக் கொக்கியை விடுவித்து, ஆனால் ஹாமர் குண்டை அடிக்காதபடி தாங்கி இறக்க வேண்டும். பி230-ல் பாதுகாப்பு என்பது டிரிகரை முழுதாக இழுத்தால் மட்டுமே விலகும் ஊசித் தடுப்பிலும், முதல் இழுப்பின் நீளத்திலும் இருக்கிறது. கைப்பூட்டு வேண்டாம் என்று முடிவு செய்து வடிவமைத்த துப்பாக்கி அது. உள்ளே பூட்டுவதற்கான மேடையே இல்லாதபோது வெளியே லிவரை மாற்றி என்ன பயன்?

அப்படியானால் அந்தப் படம் பொய்யா என்றால், பொய்யில்லை. அது வேறு துப்பாக்கி. செக் நாட்டு சீசெட் பி-07 போன்றவற்றில் டீகாக்கர், சேஃப்டி இரண்டுக்கும் இடம்விட்டே சட்டகம் செய்யப்படுகிறது, மாற்றுப் பாகங்களும் பெட்டியிலேயே வரும். ஜெர்மனியின் ஹெக்லர் அண்டு கோக் யுஎஸ்பி வகையிலும் உள்ளே ஒரு தகட்டை மாற்றினால் லிவரின் வேலை மாறும். சீசெட் 75-ஐ எடுத்துக்கொண்டால், சேஃப்டிக்கு ஒரு மாதிரி, டீகாக்கருக்கு இன்னொரு மாதிரி என்று தனித்தனியாகவே செய்கிறார்கள். இவை பெரும்பாலும் 9 மி.மீ.; நம் நாட்டில் அது சாதாரண உரிமத்தில் கிடைக்காத தடைசெய்யப்பட்ட துளை அளவு. என்னால் வாங்கவே முடியாத துப்பாக்கியில் நடக்கும் வேலையைக் காட்டி, என் துப்பாக்கிக்கு 38,500 ரூபாய் வாங்கியிருக்கிறார்.

நேற்று போன் செய்தேன். முதலில் “நீங்க எதையாவது கழட்டியிருப்பீங்க” என்றார். நான் எதையும் மாற்றவில்லை என்றதும், “ரசீதுல சர்வீஸ்னுதானே இருக்கு, சேஃப்டின்னு எங்க எழுதியிருக்கு?” என்றார். பணத்தைத் திருப்பிக் கேட்டபோது குரல் தாழ்ந்தது: “கம்ப்ளைன்ட் குடுங்க சார், தாராளமா குடுங்க. ஆயுதத்தை மாத்தச் சொன்னது நீங்கதானே, லைசென்ஸ் புக் உங்க பேர்லதானே இருக்கு.” அப்பா பட்டாளம் என்று சொல்லிக் காபி கொடுத்த அதே வாய்.

இந்த மிரட்டலுக்கு நான் பயப்படப் போவதில்லை. 1959-ஆம் ஆண்டின் ஆயுதச் சட்டம், 5-ஆம் பிரிவில், ஆயுதத்தைச் செய்ய, விற்க, மாற்ற, பழுதுபார்க்க உரிமம் வேண்டும் என்கிறது. நான் உரிமம் உள்ள இடத்தில், பதிவேட்டில் எழுத வைத்துத்தான் கொடுத்தேன். ஒளிக்க வேண்டியது எதுவும் என்னிடம் இல்லை.

எப்படித் தப்பிப்பது என்று விரிவாக எழுதத்தான் உட்கார்ந்தேன். மனம் ஒரு நிலையில் இல்லாததால் அவசரமாகச் சிலவற்றை மட்டும் சொல்கிறேன். செய்யப்போகும் வேலையை ரசீதில் முழுதாக எழுதாத கடையில் துப்பாக்கியை விடாதீர்கள். உங்கள் மாதிரிக்கு அந்த மாற்றத்தைத் தயாரித்த நிறுவனமே அனுமதிக்கிறதா என்று கையேட்டில் பாருங்கள். கையேட்டில் கையால் போடும் சேஃப்டியே இல்லையென்றால் எந்தக் கடைக்காரராலும் அதை உண்டாக்க முடியாது. திரும்ப வாங்கும்போது காலி என்று உறுதிசெய்து, அங்கேயே இயக்கிப் பார்த்துவிட்டு மீதிப் பணத்தைக் கொடுங்கள். கட்டைவிரல் பழக்கம்தான் பிரச்சினை என்றால் பயிற்சியால் விரலை மாற்றுங்கள், துப்பாக்கியை மாற்றாதீர்கள்; இதை என் நண்பர் சொன்னபோது என்னால் நிமிர்ந்து பார்க்க முடியவில்லை.

ரசீது, போன் செய்த தேதிகள், லிவரில் அரம் போட்ட தடத்தின் படங்கள் எல்லாவற்றையும் ஒரு கோப்பில் கட்டி வைத்திருக்கிறேன். திங்கட்கிழமை சத்துவாச்சாரியில் ஆட்சியர் அலுவலகத்தில் மனுக் கொடுக்கிறேன். அடுத்து மாவட்ட நுகர்வோர் ஆணையம்; ஐந்து லட்சம் வரையுள்ள புகாருக்குக் கட்டணம் இல்லை, இரண்டு ஆண்டுக்குள் கொடுத்தால் போதும், நான் இரண்டு வாரம்கூடக் காத்திருக்கப் போவதில்லை. அதே கடையில் துப்பாக்கியைக் கொடுத்துவிட்டுக் காத்திருக்கும் வேறு எவரேனும் இதைப் படித்தால், இன்றே போய், வேலை முடிந்தாலும் முடியாவிட்டாலும், அதைத் திரும்ப வாங்கிக்கொண்டு வாருங்கள்.