பிஎஸ்5 வாய்ஸ் சாட், டர்பன் வீட்டிலிருந்து: புது ஹெட்செட் வாங்கும் முன்

பிஎஸ்5 (சோனியின் பிளேஸ்டேஷன் 5) கன்சோலில் நண்பர்கள் குழுவாகப் பேசும் பார்ட்டி சாட்டை ஒரு வரியில் மதிப்பிடச் சொன்னால்: குரல் தெளிவு நன்று, மெனு சுற்றுவழி, கோளாறு வந்தால் காரணம் சொல்லும் பழக்கம் அறவே கிடையாது. கடைசிக் குறைதான் பெரியது. மைக் அணைந்திருந்தாலும் சரி, ரவுட்டர் வழியை மறித்தாலும் சரி, திரையில் தெரிவது ஏறக்குறைய ஒன்றுதான்: நண்பர் பெயர் இருக்கும், குரல் இருக்காது. பழி உடனே ஹெட்செட் மேல் விழும். பெவிலியன், கேட்வே என்று டர்பன் மால் ஏதாவது ஒன்றுக்குப் போய்ப் புதுசு வாங்கி வந்து மாட்டினால் அதிலும் அதே நிசப்தம். இங்கே ஃபைபர் கம்பி ஒரு நிறுவனத்துடையது, இணையச் சேவை இன்னொருவருடையது, ரவுட்டர் சில வீடுகளில் மூன்றாவதாக ஒருவர் கொடுத்தது. இத்தனை கை மாறி வரும் இடத்தில் குற்றவாளி பெரும்பாலும் ரவுட்டர்தான்.

எதையும் கழற்றுமுன் குரல் எந்தத் திசையில் நிற்கிறது என்று பாருங்கள். மற்றவர்கள் பேசுவது உங்களுக்குக் கேட்கிறது, நீங்கள் பேசுவது யாருக்குமே கேட்கவில்லை என்றால் சிக்கல் மைக்கில். உங்கள் பேச்சு எல்லோருக்கும் போகிறது, உங்களுக்கு மட்டும் யார் குரலும் வரவில்லை என்றால் ஒலி வெளியீட்டு அமைப்பில். ஐந்து பேர் பார்ட்டியில் ஒருவரோடு மட்டும் தகராறு, மற்ற மூவரோடு ஒன்றுமில்லை என்றால் ஹெட்செட்டைத் தொடவே வேண்டாம். அது நாட் (NAT) சிக்கல், அதாவது வீட்டுக் கருவிகள் எல்லாவற்றையும் ரவுட்டர் ஒரே இணைய முகவரிக்குப் பின்னால் வைப்பதில் வரும் சிக்கல். குரல் ரோபோ பேசுவது போலக் கரகரத்து, பாதிச் சொல் விழுங்கி வந்தால் குரலைச் சுமந்து வரும் தரவுத் துணுக்குகளான பாக்கெட்டுகள் வழியில் தொலைகின்றன, அல்லது முன்பின்னாக வந்து சேர்கின்றன. உங்கள் குரலே உங்களுக்கு எதிரொலித்தால் தப்பு உங்கள் பக்கம் இல்லை. யாரோ டிவி ஸ்பீக்கரைச் சத்தமாக வைத்துக்கொண்டு கண்ட்ரோலர் மைக்கில் பேசுகிறார்.

டூயல்சென்ஸ் கண்ட்ரோலரிலேயே மைக் இருக்கிறது. பிஎஸ் பொத்தானுக்குக் கீழே உள்ள சின்னப் பட்டைதான் மியூட். ஆரஞ்சு விளக்கு எரிந்தால் மைக் அணைந்திருக்கிறது. அதையே அழுத்திப் பிடித்தால் மைக்கோடு சேர்ந்து ஒலி முழுவதும் அடங்கிவிடும். "டிவியே ஊமையாகிவிட்டது" என்று வரும் புகார்களில் பாதி இதுதான். செட்டிங்ஸ், சவுண்ட், மைக்ரோஃபோன் என்று போனால் மைக் அளவைச் சரிசெய்யும் திரை வரும். அங்கே பேசும்போது பட்டை ஏறி இறங்கினால் மைக்கும் கம்பியும் உயிரோடு இருக்கின்றன, மேற்கொண்டு தேட வேண்டியது வேறிடத்தில். வாங்குவதா வேண்டாமா என்று முடிவு செய்ய இந்த ஒரு சோதனை போதும். லாகின் செய்யும்போது மைக் எந்த நிலையில் இருக்க வேண்டும் என்ற தேர்வும் அங்கேயே இருக்கிறது. அது மியூட்டில் இருந்தால் தினமும் அதே கூத்து.

கண்ட்ரோலர் மைக்கின் தரம் பற்றி: அவசரத்துக்குப் பரவாயில்லை, அவ்வளவுதான். பொத்தான் தட்டும் சத்தம், கண்ட்ரோலர் அதிர்வு, ஜனவரிப் புழுக்கத்தில் ஓடும் ஃபேன், மாலையில் கூரைமேல் கத்திக்கொண்டு போகும் ஹடீடா பறவை எல்லாமே பார்ட்டிக்குள் வந்துவிடும். வாய்க்கருகே குச்சி மைக் உள்ள சாதாரணக் கம்பி ஹெட்செட் இதைவிடப் பல மடங்கு மேல்.

கம்பி ஹெட்செட்டுக்கு ஒரு நிபந்தனை உண்டு. டூயல்சென்ஸில் இருப்பது 3.5 மிமீ நான்கு முனைத் துளை. ஹெட்செட் பிளக்கில் மூன்று கறுப்பு வளையங்கள் இருந்தால் மைக் வேலை செய்யும். இரண்டே வளையம் என்றால் அது வெறும் ஹெட்ஃபோன். கணினிக்கான ஹெட்செட்டில் பச்சை, இளஞ்சிவப்பு என இரண்டு பிளக் இருக்கும். அவற்றை ஒரே நான்கு முனைப் பிளக்காகச் சேர்க்கும் அடாப்டர் தேவை. கடையில் கேட்கும்போது கவனம்: ஒரு துளையை இரண்டு ஹெட்ஃபோனுக்குப் பிரித்துக் கொடுக்கும் அடாப்டரும் பார்வைக்கு அதே போல இருக்கும், மைக்குக்கு அது உதவாது.

கடற்கரை ஊர் என்பதால் இன்னொன்று. பெர்ரியா, பிளஃப், அமான்ஸிம்டோட்டி பக்கம் உப்புக்காற்றில் பிளக்கின் உலோகம் மங்கும், துளைக்குள் பஞ்சுத்தூசு சேரும். பிளக் 'க்ளிக்' என்று உட்காராமல் ஒரு மில்லிமீட்டர் வெளியே நின்றாலே போதும், காதில் ஒலி வரும், மைக் வராது. கண்ட்ரோலரை அணைத்துவிட்டு, மரப் பல்குச்சியால் தூசியை மெதுவாக நெம்பி எடுங்கள். பிறகு ஐசோபுரொபைல் ஆல்கஹாலில் தொட்ட பஞ்சால் பிளக்கைத் துடைத்து உலரவிடுங்கள். மருந்துக்கடையில் மலிவாகக் கிடைக்கும் சர்ஜிகல் ஸ்பிரிட் வேண்டாம். எண்ணெய் கலந்திருக்கலாம், அது படலமாகப் படியும். அதற்கும் மசியாவிட்டால் கண்ட்ரோலரின் பின்புறம் உள்ள குட்டித் துளையில் ஊசியால் ஐந்து நொடி அழுத்தி ரீசெட் செய்து, யூஎஸ்பி கேபிளில் மறுபடி இணைத்துப் பாருங்கள்.

புளூடூத் இயர்பட் வைத்திருப்பவர்களுக்கு ஏமாற்றம்தான். பிஎஸ்5 புளூடூத் ஒலியை நேரடியாக ஏற்காது. யூஎஸ்பி டாங்கிளோடு (கன்சோலில் செருகும் சிறு ரிசீவர்) வரும் வயர்லெஸ் ஹெட்செட்தான் வழி. சோனியின் பழைய பல்ஸ் 3டி-யில் மைக் உள்ளே மறைந்திருக்கிறது. பார்க்க அழகு, ஆனால் வாயிலிருந்து தூரம், அதனால் அறைச் சத்தம் கூடும். 2024-இல் வந்த பல்ஸ் எலீட்டில் இழுத்து நீட்டும் மைக் இருக்கிறது. பேசுவதற்காகவே வாங்குகிறீர்கள் என்றால் இரண்டாவதுதான். 2023-க்குப் பின் வந்த மெலிந்த பிஎஸ்5-இல் முன்பக்கம் இரண்டும் யூஎஸ்பி-சி. பழைய வடிவ டாங்கிள் பின்பக்கம் போகும். அங்கே பக்கத்திலேயே யூஎஸ்பி 3 ஹார்டு டிரைவ் செருகியிருந்தால் அதன் மின்னிரைச்சல் 2.4 கிகாஹெர்ட்ஸில் போய் விழும், குரல் விட்டுவிட்டு வரும். அரை மீட்டர் யூஎஸ்பி நீட்டிப்புக் கம்பியில் டாங்கிளை முன்பக்கம் கொண்டுவந்தால் பெரும்பாலும் தீர்ந்துவிடும்.

காதில் ஆட்டத்தின் ஒலி மட்டும் வந்து ஆள் குரல் வராவிட்டால், பிஎஸ் பொத்தானை ஒருமுறை தட்டி, கீழே வரும் வரிசையில் சவுண்ட் எடுத்து, ஆட்டத்துக்கும் சாட்டுக்கும் இடையிலான சமநிலைக் கோட்டைப் பாருங்கள். யாரோ அதை ஆட்டத்தின் பக்கம் முழுதாகத் தள்ளியிருப்பார்கள். ஹெட்ஃபோனுக்கு முழு ஒலியா, சாட் மட்டுமா என்ற தேர்வும் தனியாக உண்டு. ஃபோர்ட்நைட் ஆடும் அணியில் எக்ஸ்பாக்ஸ்காரரோ பிசிக்காரரோ இருந்தால் பிளேஸ்டேஷன் பார்ட்டிக்குள் அவர்கள் வரவே முடியாது. நீங்கள் பார்ட்டிக் குரலிலிருந்து வெளியேறி, ஆட்டத்தின் சொந்த வாய்ஸ் சாட்டை அதன் ஆடியோ அமைப்பில் ஆன் செய்ய வேண்டும்.

இனி ரவுட்டர். செட்டிங்ஸ், நெட்வொர்க், கனெக்‌ஷன் ஸ்டேட்டஸ், அதில் டெஸ்ட் இன்டர்நெட் கனெக்‌ஷன். முடிவில் நாட் டைப் என்று ஒரு எண் வரும். 2 வந்தால் போதும், 1-ஐத் துரத்த வேண்டியதில்லை. 3 வந்தால் கன்சோல்கள் தங்களுக்குள் நேரடி இணைப்புப் போட முயலும்போது வெளியிலிருந்து வரும் குரலை உங்கள் ரவுட்டர் உள்ளே விடாது. நீங்களும் 3, நண்பரும் 3 என்றால் இருவரும் ஒருவரையொருவர் கேட்க முடியாமல், நாட் 2 உள்ள மூன்றாமவர் மட்டும் இருவரையும் கேட்டுக்கொண்டிருக்கும் வேடிக்கை நடக்கும்.

டைப் 3-க்கு வீட்டில் முதலில் சந்தேகிக்க வேண்டியது இரட்டை நாட். சுவரில் இருக்கும் ஃபைபர் பெட்டியே ரவுட்டர் வேலையும் பார்க்கும். அதன் கீழே நீங்கள் வாங்கிய ரவுட்டரும் அதே வேலையைச் செய்யும். உங்கள் ரவுட்டரின் பக்கத்தில் நுழைந்து, டிபி-லிங்க் என்றால் வழக்கமாக 192.168.0.1, வான் (WAN) ஐபி முகவரியை, அதாவது ரவுட்டரின் வெளிப்பக்க முகவரியைப் படியுங்கள். 192.168 என்று தொடங்கினால் இரட்டை நாட் உறுதி. உங்கள் ரவுட்டரை, வைஃபை மட்டும் கொடுக்கும் ஆக்சஸ் பாயின்ட் முறைக்கு மாற்றினால் கதை முடிந்தது. 100.64-இலிருந்து 100.127 வரை தொடங்கும் எண் என்றால் சேவை நிறுவனமே பல வீடுகளை ஒரே பொது முகவரிக்குப் பின்னால் அடுக்கி வைத்திருக்கிறது. எல்டிஇ, 5ஜி ரவுட்டர்களில் இது சகஜம். வீட்டில் எந்தப் பொத்தானை அழுத்தியும் பயனில்லை. பொது ஐபி தருவீர்களா, அதற்குத் தனி ஏபிஎன் (மொபைல் இணைய இணைப்புப் பெயர்) உண்டா என்று அழைத்துக் கேட்பதுதான் வழி.

முகவரி சரியாக இருந்தும் 3 வந்தால் யூபிஎன்பி-யைப் (UPnP, கன்சோல் கேட்கும் வழியை ரவுட்டர் தானே திறந்துவிடும் வசதி) பாருங்கள். டிபி-லிங்கில் அட்வான்ஸ்டு, நாட் ஃபார்வர்டிங் கீழே இருக்கும். ஏற்கெனவே ஆனில் இருந்தாலும் அணைத்து, ரவுட்டரை மறுதொடக்கம் செய்து, மறுபடி ஆன் செய்யுங்கள். பழைய பதிவுகள் தேங்கி நிற்பது உண்டு. போர்ட்டை, அதாவது தரவு வரும் எண்ணிட்ட வழியைக் கையால் திறப்பவர்கள் முதலில் பிஎஸ்5-க்கு நிலையான உள் முகவரியை ஒதுக்கிவிட்டு, டிசிபி 3478 முதல் 3480, யூடிபி 3478, 3479 திறந்தால் போதும். ஒரே வீட்டில் அண்ணனுக்கு ஒன்று, தம்பிக்கு ஒன்று என இரண்டு பிஎஸ்5 இருந்தால் கையால் திறக்கும் வழி வேண்டாம், ஒருவருக்குத் திறந்தது மற்றவரை அடைக்கும். யூட்யூப் வீடியோக்களில் தாராளமாகப் பரிந்துரைக்கும், எல்லாப் போர்ட்டையும் ஒரே கருவிக்குத் திறந்துவிடும் டிஎம்இசட் வழியை நாங்கள் பரிந்துரைக்க மாட்டோம்.

மின்தடை விஷயமும் இதோடு ஒட்டியதே. 2023 அளவுக்கு லோட்ஷெட்டிங் (முறைவைத்த மின்வெட்டு) இப்போது இல்லை, ஆனால் உள்ளூர்க் கோளாறில் மின்சாரம் ஒரு நொடி துடித்தாலே ரவுட்டர் மறுதொடக்கம் ஆகும், பார்ட்டி கலையும். கன்சோலை இன்வெர்ட்டரில் வைத்திருப்பவர்கள் ஃபைபர் பெட்டியையும் ரவுட்டரையும் மறந்துவிடுகிறார்கள். 12 வோல்ட் மினி யூபிஎஸ் ஒன்று போதும். பெட்டியில் 8800 எம்ஏஎச் என்று போட்டிருப்பதைக் கண்டு மயங்க வேண்டாம். அது பெரும்பாலும் 3.7 வோல்ட் கணக்கு, அதாவது ஏறத்தாழ 32 வாட்-மணி. இரண்டு பெட்டியும் சேர்ந்து 12 வாட் இழுத்தால், மின்னழுத்த மாற்றத்தில் வீணாவது போக இரண்டு மணி நேரத்தைச் சற்றே தாண்டும். மின்சாரம் திரும்பியதும் வரிசை முக்கியம்: முதலில் ஃபைபர் பெட்டி, அதன் பான் (PON, ஃபைபர் இணைப்பு) விளக்கு நிலையாக எரிந்த பிறகு ரவுட்டர், கடைசியில் கன்சோல். ரெஸ்ட் மோடிலிருந்து எழுப்பாமல் முழுதாக அணைத்துப் போடுங்கள்.

சென்னையில் இருக்கும் சித்தப்பா பையனோடு ஆடுபவர்களுக்கு ஒரு கணக்கு. டர்பனிலிருந்து சென்னை நேர்கோட்டில் 7000 கிலோமீட்டருக்கு மேல். ஒளியிழையில் வெளிச்சம் நொடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் ஓடும். போகவரக் குறைந்தது 70 மில்லிநொடி. கேபிள் நேர்கோட்டில் போவதில்லை, ஐரோப்பாவைச் சுற்றிப் போனால் இது பல மடங்கு ஆகும். பேச்சுக்கு ஒரு வழித் தாமதம் 150 மில்லிநொடிக்குள் இருந்தால் இயல்பாகத் தோன்றும்; தாண்டினால் இருவரும் ஒரே நேரத்தில் பேசத் தொடங்கி ஒரே நேரத்தில் நிறுத்துவார்கள். இதற்காக வேகமான பேக்கேஜுக்கு மாறுவது வீண் செலவு. ஒரு குரலுக்கு 100 கேபிபிஎஸ் கூடத் தேவையில்லை. வைஃபையை விட்டு லேன் கம்பிக்கு மாறினால் கரகரப்பு குறையும், தூரம் குறையாது.

நாட் 3-ஐ எப்படியும் அசைக்க முடியாதவர்களுக்கு டிஸ்கார்ட் என்னும் பேச்சுச் செயலி நல்ல மாற்று. 2023-இலிருந்து பிஎஸ்5-இல் இருக்கிறது. யூசர்ஸ் அண்ட் அக்கவுன்ட்ஸ் கீழே லிங்க்டு சர்வீசஸில் இணைக்கலாம். குரல் சர்வர் வழியாகப் போவதால் இரு வீட்டு ரவுட்டர்களும் நேருக்கு நேர் பேசத் தேவையில்லை. சேனலைத் திருத்தும் பக்கத்தில் ரீஜனை (சர்வர் இருக்கும் நாடு) மாற்ற முடிகிறது: எல்லோரும் இங்கே என்றால் சவுத் ஆப்பிரிக்கா, பாதிப் பேர் சென்னை என்றால் இந்தியாவையும் போட்டுப் பாருங்கள். பார்ட்டியும் டிஸ்கார்டும் ஒரே நேரத்தில் ஓடாது, அது ஒரு குறை.

பிள்ளையின் கணக்கில் மட்டும் சாட் இல்லையென்றால் ஹெட்செட், ரவுட்டர் எதையும் நோண்ட வேண்டாம். ஃபேமிலி மேனேஜ்மென்ட்டில் அவர் பெயரை எடுத்து, பேரன்டல் கன்ட்ரோல்ஸில் கம்யூனிகேஷன் தடை இருக்கிறதா பாருங்கள். பார்ட்டி சாட்டுக்கு பிஎஸ் பிளஸ் சந்தா தேவையில்லை. அதற்காகக் காசு கேட்டால் கொடுக்காதீர்கள்.

இத்தனையும் பார்த்து, மைக் அளவுப் பட்டை அசையவே இல்லை, வேறு கண்ட்ரோலரிலும் அதே கதை என்றால் ஹெட்செட் போய்விட்டது. வாங்கி ஆறு மாதத்துக்குள் என்றால் தென்னாப்பிரிக்காவின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 68, 2008-இன் 56-ஆம் பிரிவு உங்கள் பக்கம்: பழுதுபார்ப்பா, மாற்றா, பணமா என்று தேர்வது நீங்கள், கடைக்காரர் அல்ல. ரசீதைப் போட்டோ எடுத்து வையுங்கள். வெப்பத்தாளில் அச்சடித்த எழுத்து ஆறு மாதத்துக்குள்ளேயே மங்கிவிடலாம்.